'தி பெனால்ட்டி' (1920): கத்தி வைத்தால் குணம் மாறுமா?

ஊமைப்படக்காரன் எழுதியது:

ஊமைப்பட நடிகர் லான் சேனி என்றதும் பலரும் அவர் நோத்ர தாம் கூனனாக நடித்த படத்தைத்தான் முதலில் சொல்வார்கள். அதற்கு மூன்று வருடம் முன்பே, அதே இயக்குநர் வாலஸ் வோர்ஸ்லியோடு சேர்ந்து அவர் நடித்த படம் 'தி பெனால்ட்டி'. 1920இல் கோல்ட்வின் நிறுவனம் வெளியிட்டது. கதையை முழுக்கச் சொல்லாமல் இந்தப் படத்தைப் பற்றிப் பேச முடியாது. பார்க்க நினைப்பவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள். ஒன்றரை மணி நேரம்தான், காப்புரிமை முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது.

தெருவில் வண்டி மோதி ஒரு சிறுவன் அடிபடுகிறான். ஃபெரிஸ் என்ற அனுபவமில்லாத டாக்டர் அவன் இரண்டு கால்களையும் முழங்காலுக்கு மேலே வெட்டி எடுத்துவிடுகிறார். பிறகு வந்து பார்க்கும் மூத்த டாக்டர், காலை எடுத்திருக்கவே தேவையில்லை, மண்டையின் அடிப்பக்கம் பட்ட அடிதான் கவலைக்குரியது என்கிறார். மயக்கம் தெளிந்துகொண்டிருந்த பையன் காதில் அது விழுந்துவிடுகிறது. பெற்றோர் வந்ததும் அவர்களிடம் சொல்லி அழுகிறான். மூத்த டாக்டரோ, சின்னவரைக் காப்பாற்ற வேண்டும் என்பதற்காக, மயக்க மருந்தில் பையன் உளறுகிறான் என்று சொல்லிவிடுகிறார். பெற்றோரும் நம்பிவிடுகிறார்கள்.

இருபத்தேழு வருடம் கழித்து அவன் பிளிஸார்ட். சான் பிரான்சிஸ்கோவின் நிழலுலகமே அவன் கையில். அவன் வீட்டில் பெண்கள் கூட்டமாக உட்கார்ந்து வைக்கோல் தொப்பி பின்னுகிறார்கள். எதற்கு இத்தனை தொப்பி என்று உளவுத்துறைக்குப் புரியவில்லை. ரோஸ் என்ற பெண் உளவாளியை அந்த வீட்டுக்குள் வேலைக்காரியாக அனுப்புகிறார்கள். பிளிஸார்டின் திட்டம் பெரியது. வேலையில்லாத, அதிருப்தியில் இருக்கும் ஆயிரக்கணக்கான வெளிநாட்டுத் தொழிலாளிகளை வைத்து ஊரின் ஓரங்களில் கலவரம் மூட்டுவது, போலீஸ் அங்கே ஓடும்போது நகரத்தையே கொள்ளையடிப்பது. இன்னொரு திட்டம் சொந்தத் திட்டம். வீட்டுக்கு அடியில் ஆபரேஷன் அறை கட்டி வைத்திருக்கிறான். இப்போது பெரிய சர்ஜனாகிவிட்ட ஃபெரிஸைப் பிடித்து வந்து, அவர் மகள் பார்பரா கட்டிக்கொள்ளப்போகும் வில்மட்டின் கால்களை வெட்டித் தனக்குப் பொருத்தச் சொல்ல வேண்டும். பார்பரா சிற்பி. சாத்தான் சிலை செய்ய மாடல் தேடுகிறாள். பிளிஸார்ட் போய் அந்த மேடையில் உட்கார்கிறான்.

கடைசியில் ஃபெரிஸ் கத்தியைக் கையில் எடுக்கிறார். ஆனால் காலை ஒட்டவில்லை. மயக்க மருந்து கொடுத்துவிட்டு மண்டையைத் திறந்து, பழைய விபத்தில் மூளையை அழுத்திக்கொண்டிருந்த ரத்தக்கட்டை எடுத்துவிடுகிறார். பிளிஸார்ட் கண் விழிக்கும்போது நல்லவனாகிவிட்டான்! ரோஸைக் கல்யாணம் செய்துகொள்கிறான். இவன் திருந்திவிட்டால் நம்மைக் காட்டிக்கொடுப்பான் என்று பயந்த பழைய கூட்டாளி ஒருவன், பியானோ வாசித்துக்கொண்டிருக்கும்போதே சுட்டுக் கொல்கிறான்.

எனக்கு விடாமல் உறுத்துவது இதுதான். இந்தப் படத்தில் முதல் குற்றம் செய்தது டாக்டர்கள். ஒருவர் கையில் தவறு, ஒருவர் வாயில் பொய். கதை நியாயப்படி பார்த்தால் அதற்குக் கணக்குத் தீர்க்க வேண்டியவர் ஃபெரிஸ். ஆனால் அந்த ரத்தக்கட்டு வந்து அவரைக் காப்பாற்றிவிடுகிறது. பிளிஸார்டின் கோபம் நியாயமான கோபம் இல்லை, மூளையில் ஏற்பட்ட கோளாறு என்று ஆகிவிடுகிறது. காலை வெட்டியவரே குணத்தைச் சரிசெய்தவர் ஆகிறார். உயிரை விடுவது நோயாளி. இருபத்தேழு வருடமாக அவன் சொன்ன புகார், 'உளறுகிறான்' என்று முதல் நாள் சொன்ன அதே பதிலில் முடிகிறது. இதை யாராவது வேறு மாதிரி பார்க்கிறீர்களா?

பழைய புரொஜெக்டர் எழுதியது:

நான் வேறு மாதிரிதான் பார்க்கிறேன். படத்தின் வசன அட்டைகள் சொல்வது ஒன்று, சேனியின் முகம் சொல்வது இன்னொன்று.

முதலில் அந்த வேஷம். தந்திரக் காட்சி எதுவும் இல்லை. இரண்டு காலையும் பின்னால் மடக்கி வாரால் இறுக்கிக் கட்டி, முழங்கால்களைத் தோல் கூடுகளுக்குள் நுழைத்துக்கொண்டு, அதன் மேல்தான் நடந்தார். பின்னால் மடங்கியிருக்கும் கால் தெரியாமல் இருக்கப் பெரிய கோட்டு. ரத்த ஓட்டம் தடைபடுவதால் தொடர்ந்து நெடுநேரம் அப்படி இருக்க முடியாது, அவிழ்த்து அவிழ்த்துக் கட்டி நடித்தார் என்பது எல்லோருக்கும் தெரிந்த செய்தி. அந்தக் கோலத்திலேயே சுவரில் அடித்த முளைகளைப் பிடித்துக் கைப்பலத்தில் மட்டும் சரசரவென்று ஏறி, தொப்பி பின்னும் அறையை மேலிருந்து எட்டிப் பார்ப்பார். வெட்டு இல்லாத ஷாட். அதை முதல்முறை பார்த்தபோது நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன்.

ஆனால் நான் சொல்ல வந்தது பியானோ காட்சி. பிளிஸார்டுக்குச் சங்கீதம் என்றால் உயிர். வாசிக்கக் கை இருக்கிறது, பெடலை மிதிக்கக் கால் இல்லை. அதற்காக ஒரு பெண் அவனுக்குக் கீழே தரையில் உட்கார்ந்து கையால் பெடலை அழுத்த வேண்டும். ரோஸ் அந்த வேலையை மற்ற யாரையும் விட நன்றாகச் செய்கிறாள். அவள் உளவாளி என்று தெரிந்த பிறகும் அவனால் அவளைக் கொல்ல முடியவில்லை. வாசித்துக்கொண்டே இருக்கிறான், முகம் மெல்ல இளகுகிறது, மறுபடி இறுகுகிறது. இந்தக் காட்சி வரும்போது ஆபரேஷன் நடக்கவில்லை, ரத்தக்கட்டு அப்படியேதான் இருக்கிறது. அந்த நிலையிலேயே அவனுக்குள் இரக்கமும் தயக்கமும் இருக்கின்றன என்று சேனி காட்டிவிட்டார். அப்புறம் எதற்கு அந்த ஆபரேஷன்? படத்தின் முடிவைப் படத்தின் நடுவிலேயே நடிகர் பொய்யாக்கிவிட்டார் என்றுதான் எனக்குப் படுகிறது.

சேனியின் அப்பா அம்மா இருவரும் காது கேளாதவர்கள் என்பதையும் இங்கே சேர்த்துக்கொள்ளுங்கள். வீட்டில் எல்லாப் பேச்சும் முகத்தாலும் கையாலும்தான். ஊமைப்படம் அவருக்குத் தாய்மொழி மாதிரி.

ஊன்றுகோல் எழுதியது:

எனக்கு வலது கால் முழங்காலுக்குக் கீழே கிடையாது. செயற்கைக் கால் போட்டு நடக்கிறேன். இந்தப் படத்தை யாரோ பரிந்துரைத்துப் பார்த்தேன். இரண்டு மனதாகவே பார்த்தேன்.

சேனி ஊன்றுகோல் பிடிக்கும் விதம் சரியாக இருக்கிறது. அக்குளில் அழுத்தித் தொங்குவது போலச் சினிமாவில் எல்லோரும் நடிப்பார்கள். அவர் மணிக்கட்டில் பாரம் இறக்குகிறார், தோள் முன்னால் போகிறது, உடம்பு பின்னால் வந்து சேர்கிறது. உட்காரும் முன் ஒரு நொடி இருக்கையை அளந்து பார்க்கிறார். அதைச் செய்ய யாரும் சொல்லிக்கொடுத்திருக்க முடியாது, கவனித்திருக்கிறார். கால் இல்லாதவனை இவ்வளவு வேகமாக, இவ்வளவு பலமாக, அறையில் இருக்கும் எல்லோரையும் ஆட்டி வைப்பவனாகக் காட்டிய படம் நான் வேறு பார்த்ததில்லை.

அதே சமயம் அவனை வைத்துச் செய்யும் சிலை சாத்தான் சிலை. உடம்பில் குறை என்றால் மனதிலும் குறை, அந்தக் கோபத்தில் ஊரையே எரிப்பான் என்ற கணக்கு. 1920 என்பதை மறக்க வேண்டாம். முதல் உலகப்போர் முடிந்து கால் போனவர்களும் கை போனவர்களும் அமெரிக்காவில் எல்லா ஊருக்கும் திரும்பிக்கொண்டிருந்த நேரம். தியேட்டரில் இந்தப் படத்தைப் பார்க்க அவர்களும் வந்திருப்பார்கள். அவர்கள் என்ன நினைத்திருப்பார்கள் என்றுதான் படம் முழுக்க யோசித்துக்கொண்டிருந்தேன்.

இழையைத் தொடங்கியவர் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். பிளிஸார்டுக்கு வேண்டியிருந்தது கால். டாக்டர் கொடுத்தது நல்ல குணம். அவன் கேட்டதை யாரும் ஒரு பொருட்டாகவே எடுத்துக்கொள்ளவில்லை.

தேனி மருத்துவர் எழுதியது:

மருத்துவப் பக்கத்தைக் கொஞ்சம் சொல்கிறேன்.

தலையில் அடிபட்டு, மூளையின் உறைக்குக் கீழே மெல்ல ரத்தம் தேங்கி, சில வாரங்கள் கழித்து ஆளின் நடத்தையே மாறுவது உண்மையில் நடக்கிறது. வயதானவர்களிடம் நிறையப் பார்க்கிறோம். 'அப்பா முன்ன மாதிரி இல்ல டாக்டர், எதுக்கெடுத்தாலும் எரிஞ்சு விழறாரு' என்று பிள்ளைகள் கூட்டி வருவார்கள். மண்டையில் துளை போட்டு அந்த ரத்தத்தை வடித்துவிட்டால் சில நாட்களில் பழைய ஆளாக எழுந்து உட்காருவார். அதனால் படத்தின் கற்பனைக்கு அடியில் ஓர் உண்மை இருக்கிறது என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். மண்டைக்குள் அழுத்தம், அதை நீக்கினால் தெளிவு என்பது 1920இல் எந்த சர்ஜனும் அறிந்த விஷயம்.

ஆனால் இருபத்தேழு வருடம் ஒரு ரத்தக்கட்டு அப்படியே இருந்து, ஒருவனைப் புத்திசாலியாக, திட்டமிடத் தெரிந்தவனாக, பியானோ வாசிப்பவனாக வளரவிட்டு, கெட்டவனாக மட்டும் ஆக்குவது நடக்காது. கோபத்தையும் நடத்தையையும் கட்டுப்படுத்துவதில் பெரிய பங்கு மூளையின் முன்பகுதிக்குத்தான். அங்கே அடிபட்டவர்களிடம் பெரும்பாலும் திட்டமிடும் திறமையும் குறையும். பிளிஸார்டிடம் அது நம் எல்லோரையும் விட அதிகம்.

கால் பொருத்தும் ஆசை பற்றி: ரத்தக் குழாய்களைத் தைத்து இணைக்கும் முறைக்காக அலெக்சிஸ் கரேல் 1912இலேயே நோபல் பரிசு வாங்கிவிட்டார். அதனால் கதாசிரியருக்கு அந்த எண்ணம் வந்ததில் வியப்பில்லை. தைப்பது முடியும், இன்னொருவர் உறுப்பை உடம்பு ஏற்றுக்கொள்ளச் செய்வதுதான் அன்று முடியாத காரியம். சிறுநீரக மாற்று வெற்றி பெறவே 1954 ஆயிற்று, அதுவும் ஒரே கருவிலிருந்து பிறந்த, ஒரே சாயல் கொண்ட இரட்டையரிடையே. இரண்டு கால்களையும் சேர்த்துப் பொருத்தியது 2011இல், ஸ்பெயினின் வலென்சியாவில். அந்த நோயாளிக்கு வேறு நோய் வந்து, எதிர்ப்பைத் தடுக்கும் மருந்துகளை நிறுத்த வேண்டியதால் 2013இல் அந்தக் கால்களை மறுபடி எடுத்துவிட்டார்கள். கைகளில் பலன் நன்றாகவே இருக்கிறது. நமக்குப் பக்கத்தில் கொச்சியில் 2015இல் செய்தார்கள்.

ஊன்றுகோல் சார், நீங்கள் கடைசியில் எழுதிய வரியை எங்கள் மாணவர்களுக்குப் படித்துக் காட்டப்போகிறேன், உங்களுக்கு ஆட்சேபம் இல்லை என்றால்.

ஊன்றுகோல் எழுதியது:

தாராளமாகப் படியுங்கள் டாக்டர்.

மல்லிகைப்பந்தல் எழுதியது:

எனக்கு ஒரு கேள்வி. குற்றவாளியை மருத்துவத்தால் திருத்தலாம் என்று அந்தக் காலத்தில் மக்கள் நிஜமாகவே நம்பினார்களா, இல்லை இது சினிமாக்காரர்கள் கிளப்பிவிட்ட கதையா? படம் பார்த்தவர்கள் அந்த ஆபரேஷனை நம்பியிருப்பார்களா?

வைகைக்கரை எழுதியது:

நம்பினார்கள் அம்மா. நம்பியது மட்டுமில்லை, செய்தும் பார்த்தார்கள். அதுவும் இந்தப் படத்தின் கதை நடக்கும் ஊருக்கு எதிர்க்கரையிலேயே.

சான் பிரான்சிஸ்கோ வளைகுடாவின் வடக்கே சான் குவென்டின் சிறை. அங்கே 1913 முதல் 1951 வரை தலைமை சர்ஜனாக இருந்தவர் லியோ ஸ்டான்லி. 1918இல் அவர் ஒரு பரிசோதனை தொடங்கினார். தூக்கில் போட்ட கைதிகளின் விதைகளை எடுத்து, தளர்ந்துபோன கைதிகளுக்குப் பொருத்தினார். மனித விதை போதாமல் போனதும் ஆடு, காட்டுப்பன்றி, மான் என்று விலங்குகளிடம் போனார். பெரும்பாலும் அரைத்துக் குழைத்து வயிற்றுத் தோலுக்கு அடியில் ஊசியால் ஏற்றுவதுதான். 1922இல் ஆயிரம் பேருக்குச் செய்ததன் முடிவுகள் என்று கட்டுரையே வெளியிட்டார். சுரப்பிகளில் உள்ள குறைதான் பலரைக் குற்றத்துக்குத் தள்ளுகிறது, அதைச் சரிசெய்தால் ஆள் தேறுவான் என்பது அவர் எண்ணம். கோணல் மூக்கு, வெட்டுத்தழும்பு என்று கைதிகளின் முகங்களையும் ஆபரேஷனில் திருத்தினார். முகம் சரியானால் வேலை கிடைக்கும், குணமும் மாறும் என்று நினைத்தார். 'தி பெனால்ட்டி' எடுத்த அதே வருடம் அந்தச் சிறையில் இது நடந்துகொண்டிருந்தது.

அதற்கும் முன்னால் போனால் இத்தாலியில் லொம்ப்ரோசோ என்ற மருத்துவர். 1876இல் எழுதிய புத்தகத்தில் குற்றவாளி பிறப்பிலேயே வேறு வகை மனிதன், தாடையையும் காதையும் மண்டையையும் அளந்தே கண்டுபிடிக்கலாம் என்றார். அது உலகம் முழுக்கப் பரவியது. அமெரிக்காவில் 1907இல் இண்டியானா மாநிலம் கட்டாயக் கருத்தடைச் சட்டம் கொண்டுவந்தது, 1909இல் கலிஃபோர்னியா. கலிஃபோர்னியாவில் மட்டும் ஏறத்தாழ இருபதாயிரம் பேருக்கு அப்படிச் செய்தார்கள். இந்தச் சூழலில் உட்கார்ந்து படம் பார்த்த ஒருவருக்கு மண்டையைத் திறந்து கெட்ட குணத்தை எடுப்பது அதிசயமாகத் தோன்றியிருக்காது.

நமக்கும் இதில் ஒரு பங்கு உண்டு, அதனால்தான் எனக்கு இந்தப் பேச்சு வெறும் சினிமாப் பேச்சாக இல்லை. பிறப்பிலேயே குற்றவாளி என்ற எண்ணம்தான் இங்கே குற்றப்பரம்பரைச் சட்டமாக வந்தது. சென்னை மாகாணத்துக்கு 1911இல் நீட்டினார்கள். உசிலம்பட்டி பக்கம் பெருங்காமநல்லூரில், கைரேகை வைக்க மாட்டோம் என்று நின்ற சனங்களைப் போலீஸ் சுட்டது 1920 ஏப்ரல் 3. அதே 1920. அங்கே கத்தி, இங்கே ரேகைப் பதிவேடு. ஒருவன் ஏன் குற்றம் செய்கிறான் என்ற கேள்வியை அவன் உடம்போடும் பிறப்போடும் கட்டிவிட்டால், அவனுக்கு நாம் என்ன செய்தோம் என்று யாரும் கேட்க மாட்டார்கள். இழை தொடங்கியவர் ஃபெரிஸைப் பற்றிச் சொன்னதும் இதுதானே?

இன்னொரு தகவல். மூளையில் அடிபட்டுக் குணம் மாறியவர் என்று மருத்துவப் புத்தகங்கள் எல்லாவற்றிலும் வரும் ஃபினியஸ் கேஜ் கடைசிக் காலத்தில் இருந்து இறந்ததும் சான் பிரான்சிஸ்கோவில்தான், 1860இல்.

தேனி மருத்துவர் எழுதியது:

கேஜ் பெயரை எடுத்தது நல்லதாயிற்று. வகுப்பில் அந்தக் கதையைப் பாதியோடு நிறுத்திவிடுவார்கள். 1848இல் வெர்மான்ட்டில் ரயில்பாதைக்குப் பாறை உடைக்கும்போது, வெடிமருந்து கெட்டிக்கும் இரும்புக் கம்பி கன்னத்தில் புகுந்து உச்சந்தலை வழியே வெளியே போனது. மூன்றரை அடிக்கு மேல் நீளம், ஆறு கிலோ எடை. பிழைத்துவிட்டார். ஆனால் நிதானமான மேஸ்திரியாக இருந்தவர் வாய்க்கு வந்ததைப் பேசுபவராக மாறிவிட்டார் என்று அவரைக் கவனித்த டாக்டர் ஹார்லோ எழுதினார். இதுவரைதான் எல்லோரும் சொல்வது.

பிறகு அவர் தென்னமெரிக்காவில் சிலி நாட்டுக்குப் போய்ப் பல வருடம் குதிரை வண்டி ஓட்டினார். ஆறு குதிரை பூட்டிய வண்டி, கரடுமுரடான பாதை, பயணிகள், நேரக் கணக்கு. பொறுமையும் நிதானமும் இல்லாதவரால் அந்த வேலையில் ஒரு மாதம் தாக்குப்பிடிக்க முடியாது. அதாவது மூளையில் போனதை வாழ்க்கை பெருமளவு மீட்டுக் கொடுத்திருக்கிறது. தினமும் ஒரே ஒழுங்கில் செய்யும் வேலை, மனிதர்களோடு பழக்கம், இவைதான் மருந்து. ஆபரேஷன் எதுவும் இல்லை.

1935இல் லிஸ்பனில் எகாஸ் மோனிஸ் மூளையின் முன்பகுதி நரம்பு இழைகளை அறுக்கும் முறையைத் தொடங்கினார், 1949இல் நோபலும் கொடுத்தார்கள். அமெரிக்காவில் அதை ஆயிரக்கணக்கானவர்களுக்குச் செய்தார்கள். சாதுவானார்கள், உண்மை. பலர் எதிலும் ஆர்வமில்லாத, பார்த்துக்கொள்ள ஆள் வேண்டிய நிலைக்கும் போனார்கள். 'தி பெனால்ட்டி' காட்டிய நல்லவனை எந்தக் கத்தியும் இன்றுவரை உருவாக்கியதில்லை.

நீதிமன்ற வாசல் எழுதியது:

சட்டக் கோணத்தில் படம் ஒரு பெரிய விஷயத்தை இரண்டு நிமிடத்தில் தாண்டிப் போகிறது. ஆபரேஷனுக்குப் பிறகு பிளிஸார்ட் மேல் வழக்கு இல்லை. எத்தனை கொலை, எத்தனை கொள்ளை! அவன் பொறுப்பில்லை, ரத்தக்கட்டுதான் பொறுப்பு என்று அதிகாரிகளும் ஏற்றுக்கொண்ட மாதிரி கதை நகர்கிறது.

நிஜத்தில் அப்படி நடந்திருக்காது. மனநிலை பிறழ்ந்தவனைக் குற்றத்துக்குப் பொறுப்பாக்கலாமா என்று 1843இல் இங்கிலாந்தில் மெக்நாட்டன் வழக்கில் வகுத்த விதியைத்தான் அமெரிக்க மாநிலங்களில் பெரும்பாலானவை பின்பற்றின. 2024 வரை நடப்பில் இருந்த நம் இந்திய தண்டனைச் சட்டத்தின் 84ஆம் பிரிவும் அந்த வழியில் வந்ததுதான். கேள்வி ஒன்றுதான்: தான் செய்வது என்ன என்றோ, அது தவறு என்றோ அறிய முடியாத நிலையில் இருந்தானா? பிளிஸார்டுக்கு எல்லாம் தெரியும். சுரங்க அறை கட்டி, ஆயுதம் சேர்த்து, தொப்பி பின்ன வைத்துத் திட்டம் போட்டவன். ரத்தக்கட்டு இருந்தாலும் இல்லாவிட்டாலும் சட்டம் அவனை விடாது.

ஆனால் இதை இங்கேயே முடித்துவிடவும் முடியவில்லை. அமெரிக்காவில் வர்ஜீனியா மாநிலத்தில் 2000இல் ஒரு வழக்கு. நாற்பது வயது ஆசிரியர், அதுவரை எந்தப் புகாரும் இல்லாதவர், திடீரென்று குழந்தைகள் மீது தவறான நாட்டம் கொள்ள ஆரம்பித்தார். தண்டனைக்கு முந்தின நாள் தாங்க முடியாத தலைவலி என்று ஆஸ்பத்திரிக்குப் போக, மூளையின் முன்பகுதியில் பெரிய கட்டி இருப்பது தெரிந்தது. கட்டியை எடுத்ததும் அந்த நாட்டம் போய்விட்டது. சில மாதம் கழித்துத் திரும்பி வந்தது. ஸ்கேன் எடுத்தால் கட்டி மறுபடி வளர்ந்திருக்கிறது. மறுபடி எடுத்தார்கள், மறுபடி சரியானார். 2003இல் டாக்டர்கள் இதை எழுதி வெளியிட்டார்கள். இதைப் படித்த பிறகு 'தி பெனால்ட்டி' முழுப் பொய் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

என் ஆட்சேபம் சம்மதம் பற்றியது. பிளிஸார்ட் ஒரு ஆபரேஷனுக்குச் சம்மதித்து மயக்க மருந்து எடுத்துக்கொள்கிறான், டாக்டர் வேறு ஒன்றைச் செய்கிறார். மிரட்டலுக்கு நடுவில் நடந்தது என்று ஃபெரிஸ் பக்கம் வாதாடலாம்தான். இருந்தாலும் கேட்காமல் ஒருவன் மூளைக்குள் கை வைப்பதைப் படம் கைதட்டி வரவேற்கிறது. நம் உச்ச நீதிமன்றம் 2010இல் செல்வி எதிர் கர்நாடக அரசு வழக்கில், சம்மதமில்லாமல் மருந்து கொடுத்துப் பேசவைக்கும் நார்கோ பரிசோதனையோ மூளைப் பதிவுப் பரிசோதனையோ செய்யக் கூடாது என்று சொன்னதன் அடிப்படையும் இதுதான். சந்தேகத்துக்கு உள்ளானவனின் மனதும் அவனுக்குச் சொந்தம்.

ஊமைப்படக்காரன் எழுதியது:

இவ்வளவு விரிவாக எல்லோரும் எழுதியதற்கு நன்றி. பழைய புரொஜெக்டர் சொன்ன பியானோ காட்சியை மறுபடி போட்டுப் பார்த்தேன். ஒப்புக்கொள்கிறேன், அங்கே சேனி கதையை விட உயரத்தில் நிற்கிறார். அது என் வாதத்துக்குப் பலம்தான் சேர்க்கிறது. அவனுக்குள் ஏற்கெனவே மனிதத்தனம் இருந்தது என்றால், ஃபெரிஸ் செய்ய வேண்டியிருந்தது ஆபரேஷன் இல்லை. பையனின் அப்பா அம்மாவிடம் போய் 'உங்கள் மகன் சொன்னது உண்மை' என்று ஒரு வாக்கியம் சொல்லியிருக்க வேண்டும். இருபத்தேழு வருடத்தில் எந்த நாளும் அதைச் சொல்லியிருக்கலாம்.

வர்ஜீனியா வழக்கைப் பற்றி: அந்த ஆசிரியருக்குக் கட்டி வந்ததற்கு யாரும் காரணமில்லை. பிளிஸார்டுக்கு நடந்ததற்கு ஆட்கள் இருக்கிறார்கள், பெயர் இருக்கிறது. இரண்டையும் ஒரே தட்டில் வைக்க என்னால் முடியவில்லை.

வைகைக்கரை சொன்ன சான் குவென்டின் தகவலோடு இன்னொன்று. படத்தில் வரும் அந்த வெளிநாட்டுத் தொழிலாளிகள் எழுச்சியும் அன்றைய பத்திரிகைகளில் இருந்து எடுத்ததுதான். 1919இல் சியாட்டிலில் பொது வேலைநிறுத்தம், அந்த வருடக் கடைசியில் தொடங்கி, அமெரிக்க அரசின் சட்டத்துறைத் தலைவர் பால்மர் நடத்திய சோதனைகளில் ஆயிரக்கணக்கான வெளிநாட்டவர் கைது. சான் பிரான்சிஸ்கோவில் 1916இல் ஊர்வலத்தில் குண்டு வெடித்து, டாம் மூனி என்ற தொழிற்சங்கத் தலைவரைப் பொய்ச் சாட்சிகளை வைத்து உள்ளே தள்ளினார்கள். அவர் இருந்தது அதே சான் குவென்டினில், 1939இல்தான் வெளியே வந்தார். தொழிலாளியின் கோபத்தையும் கால் போனவனின் கோபத்தையும் படம் ஒரே மண்டைக்குள் வைத்து, இரண்டையும் ஒரே கத்தியால் எடுத்துவிடுகிறது. அப்புறம் தொழிலாளிகளுக்கு என்ன ஆனது என்று படம் சொல்வதே இல்லை, கவனித்தீர்களா?

பழைய புரொஜெக்டர் எழுதியது:

கவனித்தேன். ஆனால் ஃபெரிஸை நீங்கள் கொஞ்சம் கடுமையாகப் பார்க்கிறீர்கள். முதல் பொய்யைச் சொன்னவர் மூத்தவர். இளையவர் அதைக் கேட்டுக்கொண்டு நிற்கும் ஷாட்டில், ஃபெரிஸாக நடித்த சார்லஸ் கிளேரியின் முகத்தில் அவமானம் தெளிவாகத் தெரிகிறது. அடுத்து அவரை நாம் பார்ப்பது இருபத்தேழு வருடம் கழித்து, ஊரே மதிக்கும் டாக்டராக. நடுவில் அவர் எப்படி வாழ்ந்தார் என்று படம் சொல்லவில்லை. அதை நாமே 'நிம்மதியாக வாழ்ந்தார்' என்று நிரப்பிக்கொள்ளக் கூடாது.

மல்லிகைப்பந்தல் எழுதியது:

நேற்று ராத்திரி பார்த்து முடித்தேன். எல்லோரும் டாக்டரையும் பிளிஸார்டையும் பற்றியே பேசுகிறீர்கள். ரோஸ் பற்றி யாரும் வாய் திறக்கவில்லையே அண்ணன்மார்களே?

அவள் திறமையான அதிகாரி. அந்த வீட்டுக்குள் போனால் உயிரோடு திரும்புவது சந்தேகம் என்று மேலதிகாரியே தயங்கும்போது, அவளாக முன்வந்து போகிறாள். சுரங்க வழியைக் கண்டுபிடிப்பதும் அவள்தான். அவன் கெட்டவனாக இருக்கும்போதே அவளுக்கு அவன் மேல் மனம் போய்விடுகிறது. திருந்தின பிறகு இல்லை, முன்பே. பியானோவுக்கு அடியில் உட்கார்ந்து பெடலை அழுத்தும்போது அவள் நிமிர்ந்து பார்ப்பதைப் பாருங்கள். பயம் இருக்கிறது, அதைத் தாண்டி வேறு ஒன்றும் இருக்கிறது. ரத்தக்கட்டோடு இருந்த அந்த ஆளை ஒருத்தி நேசித்தாள் என்றால், ஆபரேஷன் செய்து வேறு ஆளாக மாற்றிக் கொடுத்தபோது அவள் நேசித்தது யாரை? இருவரும் கல்யாணம் ஆகி உட்கார்ந்திருக்கும் காட்சியில் அவள் முகத்தில் பழைய அந்தப் பார்வை இல்லை. அது நடிகை வேண்டுமென்றே செய்ததா என்று சொல்ல முடியாது. எனக்கு அப்படித்தான் தெரிந்தது.

தேனி மருத்துவர் எழுதியது:

இந்தக் கேள்வியை எங்களிடம் உறவினர்கள் வேறு வார்த்தையில் கேட்பார்கள். பெரிய மூளை ஆபரேஷன் முடிந்து வீட்டுக்குப் போன நோயாளியின் மனைவி ஒருவர், 'நல்லா இருக்காரு, சாதுவா இருக்காரு, ஆனா என்கூட சண்டை போடுறதே இல்ல' என்று சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டு இருந்தார். பிழைத்தார், பேசுகிறார், நடக்கிறார் என்று எங்கள் கணக்கில் அது வெற்றி. அவர் எதிர்பார்த்த பதில் என்னிடம் இல்லை. அடுத்த முறை இருவரும் வந்தபோது, மனைவியிடம் முன்பெல்லாம் எதற்குச் சண்டை வரும் என்று கேட்டேன். காபியில் சர்க்கரை போடும் விஷயம் என்றார். அப்படியானால் தினமும் அதையே பேச்சுக்கு இழுங்கள் என்று சொல்லி அனுப்பினேன். சில மாதத்தில் கொஞ்சம் கொஞ்சமாகப் பதில் பேச ஆரம்பித்துவிட்டார் என்று அந்த அம்மா போனில் சொன்னார்.

மல்லிகைப்பந்தல் எழுதியது:

டாக்டர், இதைத் தனி இழையாகவே எழுதுங்கள். கேஜ் சிலியில் வண்டி ஓட்டிய கதையையும் அதில் சேருங்கள்.